ஹான்காக் போன பிறகும் கால்டனும் சிம்ப்சனும் எப்படி நின்றார்கள்?

இரவல்பேனா

வணக்கம். ரே கால்டன், ஆலன் சிம்ப்சன் இருவரையும் பற்றி நீண்ட கட்டுரை ஒன்று எழுதிக்கொண்டிருக்கிறேன். ஓரிடத்தில் வந்து முட்டி நிற்கிறது. 1954 முதல் 1961 வரை ரேடியோவிலும் டிவியிலும் பிரிட்டிஷ் நகைச்சுவை நட்சத்திரம் டோனி ஹான்காக்குக்கு எழுதியவர்கள் இவர்கள். 1961-ல் ஹான்காக் பிரிந்து போகிறார். நட்சத்திரம் போனால் எழுத்தாளர் பெயரும் கூடவே மறைந்துபோவதுதான் வழக்கம். இங்கே நடந்தது நேர்மாறு. 1962 ஜனவரியிலேயே ‘ஸ்டெப்டோ அண்ட் சன்’ என்ற இவர்களுடைய டிவி நகைச்சுவைத் தொடர் முளைவிட்டுவிட்டது. ஹான்காக்குக்கோ அதன்பின் இறங்குமுகம்தான். 1968 ஜூனில் சிட்னியில் உயிரை மாய்த்துக்கொண்டார்.

அதிர்ஷ்டம் என்று ஒரே வார்த்தையில் கடந்துபோக மனம் ஒப்பவில்லை. எழுத்துத் தொழிலை வைத்துப் பார்த்தால் என்ன காரணம்? காசநோய் மருத்துவமனையில் கிடந்த இரண்டு இளைஞர்கள் பிபிசிக்குள் எந்த வழியாக நுழைந்தார்கள்? பணமும் உரிமையும் யார் கையில் இருந்தன? எதை, எந்த வரிசையில் கேட்டால் இவர்கள் வளர்ந்த விதம் காதில் விழும்? தெரிந்தவர்கள் விரிவாகச் சொல்லுங்கள்.

---

வால்வுரேடியோ

நுழைவிலிருந்து தொடங்குகிறேன். எல்லோரும் இரண்டு வரியில் முடித்துவிடும் பகுதி இது. ஆனால் உங்கள் முதல் கேள்விக்குப் பாதிப் பதில் இங்கேதான் இருக்கிறது.

சிம்ப்சன் 1929-ல் பிறந்தவர், கால்டன் 1930-ல். இருவரும் லண்டன்காரர்கள். பதின்வயதிலேயே காசநோய். 1948-ல் சர்ரே மாவட்டத்தில் கோடால்மிங் ஊருக்குப் பக்கத்தில் இருந்த மில்ஃபர்ட் சானடோரியத்தில் சந்திக்கிறார்கள். அன்றைய சிகிச்சையில் பெரும்பகுதி படுக்கையை விட்டு எழாமல் இருப்பதுதான். படுத்தபடியே அமெரிக்கப் படைவீரர்களுக்கான ரேடியோ ஒலிபரப்பில் அந்நாட்டு நகைச்சுவைத் தொடர்களைக் கேட்டுக் கேட்டு அவர்கள் காது பழகியது. ஜாக் பென்னி அதில் முக்கியமானவர். அவர் ஜோக் சொல்லிச் சிரிக்க வைப்பவரில்லை. மகா கஞ்சன் என்று ஒரு குணத்தை முதலில் நேயர் மனதில் ஊன்றிவிடுவார். அதன்பின் காசு கேட்டு யாராவது வந்தால், அவர் பேசாமல் நிற்பதே சிரிப்பாகிவிடும். இந்தப் பாடத்தைப் பின்னால் இருவரும் எவ்வளவு தூரம் கொண்டுபோனார்கள் என்பதைக் கவனியுங்கள்.

சானடோரியத்துக்குள் ஓர் உள்ளக ரேடியோ இருந்தது. அதற்கு ‘ஹேவ் யூ எவர் வொண்டர்ட்’ என்ற தொடரை எழுதினார்கள். அடுத்த கட்டம் ஒரு கடிதம். ஃப்ராங்க் மியூர், டெனிஸ் நார்டன் ஜோடி அப்போது ‘டேக் இட் ஃப்ரம் ஹியர்’ எழுதிப் புகழின் உச்சியில் இருந்தது. அவர்களிடம் ஆலோசனை கேட்டு எழுதினார்கள். எழுதியதை பிபிசியின் ஸ்கிரிப்ட் எடிட்டர் கேல் பெட்ரிக்குக்கு அனுப்புங்கள் என்று பதில் வந்தது. அனுப்பினார்கள், பிபிசி கூப்பிட்டுப் பேசியது. கிடைத்த முதல் வேலை டெரெக் ராய் என்ற நகைச்சுவையாளருக்கு ஜோக் சப்ளை. இதில் கதை கிடையாது, பாத்திரம் கிடையாது. அவர் மைக் முன்னால் நின்று சொல்ல வேண்டிய தனித்தனி வரிகள், அவ்வளவுதான்.

1951-ல் டெரெக் ராயின் ‘ஹேப்பி கோ லக்கி’ தடுமாறியது. தயாரிப்பாளராக உள்ளே வந்த டென்னிஸ் மெயின் வில்சன் கடைசிச் சில நிகழ்ச்சிகளை முழுதாக எழுதும் பொறுப்பை இந்த இரண்டு பையன்களிடம் கொடுத்தார். அதே நிகழ்ச்சியில் சின்ன வேடம் ஒன்றில் டோனி ஹான்காக் நடித்துக்கொண்டிருந்தார். மூவருக்கும் பழக்கம் அங்கே தொடங்கியதுதான். பிறகு ‘காலிங் ஆல் ஃபோர்ஸஸ்’, ‘ஸ்டார் பில்’ போன்ற வெரைட்டி நிகழ்ச்சிகளில் வாராவாரம் உழைப்பு. 1954 நவம்பர் 2 அன்று பிபிசி லைட் புரோகிராமில் ‘ஹான்காக்ஸ் ஹாஃப் அவர்’ தொடங்கியபோது மூன்று வருட வார வேலை கைக்குள் இருந்தது. இருவருக்கும் வயது 25-ஐத் தாண்டவில்லை.

கட்டுரையில் இந்த மூன்று வருடத்தைச் சுருக்கிவிடாதீர்கள். வெரைட்டி எழுத்தாளனுக்கு ஒவ்வொரு வாரமும் வேறு வேறு விருந்தினர், வேறு வேறு குரல். கொஞ்சம் பேச்சு, ஒரு பாட்டு, ஒரு ஸ்கெட்ச், மறுபடி பாட்டு என்ற அமைப்பு. ஒரே ஆளை நம்பி எழுதிப் பழகியவர்கள் அல்ல இவர்கள். பல குரலுக்கு எழுதிவிட்டுத்தான் ஒரு குரலுக்கு வந்தார்கள்.

---

மூன்றாம்வரிசை

வால்வுரேடியோ அண்ணா அடித்தளம் போட்டுவிட்டார். நான் எழுத்தைப் பற்றி மட்டும் சொல்கிறேன்.

1954-ல் அவர்கள் முன்வைத்தது எளிய யோசனை, ஆனால் அன்றைய பிரிட்டிஷ் ரேடியோவுக்குப் புதிது. முப்பது நிமிடமும் ஒரே கதை, நடுவில் பாட்டு இல்லை. வாரந்தோறும் திரும்பச் சொல்லிக் கைதட்டல் வாங்கும் வாசகங்கள் வேண்டாம், சிரிப்பூட்டும் குரல் மாற்றங்கள் வேண்டாம். சிரிப்பு ஆளின் குணத்திலிருந்தும் அவன் மாட்டிக்கொள்ளும் நிலையிலிருந்தும் வர வேண்டும். இது ஒரே நாளில் கைகூடவில்லை. ஆரம்ப எபிசோடுகளில் கதை எங்கெங்கோ பறக்கும். கென்னத் வில்லியம்ஸ் ஒரு மூக்குக் குரலில் நுழைந்தாலே அரங்கம் சிரித்துவிடும். அந்தச் சிரிப்பு சுலபமாகக் கிடைத்தது, அதனாலேயே கதையை உடைத்தது. கொஞ்சம் கொஞ்சமாக அதைக் குறைத்தார்கள். 1959-ல் வந்த கடைசி ரேடியோ வரிசையில் ஹான்காக்குடன் நிலையாக இருந்தவர்கள் சிட் ஜேம்ஸும் பில் கெர்ரும் மட்டுமே.

இந்த வளர்ச்சியை ஒரே எபிசோடில் கேட்க வேண்டுமானால் 1958 ஏப்ரல் 22 அன்று ஒலிபரப்பான ‘சண்டே ஆஃப்டர்நூன் அட் ஹோம்’. ஈஸ்ட் சீமில், 23 ரயில்வே கட்டிங்ஸ் வீட்டில், மழை பெய்யும் ஞாயிறு மதியம். செய்வதற்கு ஒன்றுமில்லை. கொட்டாவி, பெருமூச்சு, நேரம் கேட்பது, மறுபடி பெருமூச்சு. ரேடியோவில் மௌனம் என்றால் இயந்திரம் பழுது என்று நேயர் நினைத்துக்கொள்ளும் அபாயம் உண்டு. அதை மீறி மௌனத்தையே வசனமாக எழுதினார்கள். இதை அவர்கள் தைரியம் என்று மட்டும் சொல்லிவிட முடியாது. நான்கு வருடமாக நேயருக்கு இந்த ஆளைத் தெரியும். அவன் பெருமூச்சு விட்டால் என்ன நினைக்கிறான் என்று கேட்பவரே நிரப்பிக்கொள்வார். முதல் வருடத்தில் இதே ஸ்கிரிப்டை ஒலிபரப்பியிருந்தால் படுத்திருக்கும்.

அடுத்த படி 1961-ன் டிவி வரிசை. ‘ஹாஃப் அவர்’ போய்த் தலைப்பு ‘ஹான்காக்’ என்று சுருங்கியது, நேரமும் 25 நிமிடமாகக் குறைந்தது. சிட் ஜேம்ஸ் இல்லை. ஹான்காக்தான் தனியாக நிற்க விரும்பினார். முதல் எபிசோடான ‘தி பெட்சிட்டர்’ முழுக்க ஓர் அறை, ஒரே ஆள். இன்னொருவர் வந்து பதில் பேசமாட்டார். இருவர் பேசினால்தான் வசனம் என்ற விதியையும் இங்கே தாண்டிவிட்டார்கள்.

இப்போது உங்கள் கேள்விக்கு வருகிறேன். 1961 முடியும்போது எழுத்தாளர்கள் ஜோக்கிலிருந்து விலகி, நாடகத்துக்கு மிக அருகில் வந்துவிட்டார்கள். ஹான்காக்கின் பெயரை எடுத்துவிட்டாலும் அந்தத் திறமை அப்படியே அவர்களிடம் இருக்கும். ஹான்காக்கிடம் இருந்தது அந்தத் திறமையைப் பேசிக்காட்டும் ஒப்பற்ற முகமும் நேரக்கணக்கும். அவை இன்னொருவர் ஸ்கிரிப்ட் கொடுத்தால்தான் வேலை செய்யும்.

பிரிவின் பின்னணி: ‘தி ரெபெல்’ படம் 1961-ல் வந்தது. அடுத்த படத்துக்கு இருவரும் மாதக்கணக்கில் கூலியில்லாமல் எழுதிக் கொடுத்தவற்றை ஹான்காக் ஏற்கவில்லை. அதோடு முடிந்தது. பிபிசியின் டாம் ஸ்லோன் உடனே கூப்பிட்டார்: பத்து அரைமணி நேரம் தருகிறேன், வாரம் ஒரு புதுக் கதை, யாரை வேண்டுமானாலும் நடிக்க வையுங்கள். அதுதான் ‘காமெடி ப்ளேஹவுஸ்’. 1961 டிசம்பரில் தொடங்கியது. நான்காவது கதை ‘தி ஆஃபர்’, 1962 ஜனவரி 5. இதுதான் பிறகு ‘ஸ்டெப்டோ அண்ட் சன்’ தொடரானது.

குதிரை வண்டியில் தெருத்தெருவாகப் போய்க் காயலான் சரக்கு வாங்கும் இரண்டு பேர் பேசிக்கொள்வதாக எழுத ஆரம்பித்தார்கள். அவர்கள் அப்பா, பிள்ளை என்பது எழுதிக்கொண்டு போகும்போதுதான் பிடிபட்டது. கடைசிக் காட்சியைப் பலமுறை பாருங்கள். மகன் ஹெரால்ட் வீட்டை விட்டுக் கிளம்புகிறான். தன் தட்டுமுட்டுச் சாமான்களையெல்லாம் வண்டியில் ஏற்றுகிறான். குதிரையைக் கொடுக்கக் கிழவன் மறுக்கிறான். ஹெரால்ட் நுகக்கால்களுக்கு நடுவே தானே போய் நின்று இழுக்கிறான். வண்டி அசையவில்லை. முண்டுகிறான், கெஞ்சுகிறான், கடைசியில் அழுதுவிடுகிறான். அப்பன் மெதுவாக உள்ளே அழைத்துப் போகிறான். நகைச்சுவை நடிகராக இருந்திருந்தால் தோளைக் குலுக்கி அழுவதுபோல் பாவனை காட்டியிருப்பார். ஹாரி எச். கார்பெட் நிஜமாகவே அழுதார். ஜோன் லிட்டில்வுட்டின் தியேட்டர் வொர்க்‌ஷாப்பில் பயின்ற மேடை நடிகர் அவர். எதிரே வில்ஃப்ரிட் பிராம்பெல், அவரும் நடிகர்தான். கார்பெட்டை விட 13 வயது மட்டுமே மூத்தவர், ஆனால் கிழவனாகவே மாறிவிட்டார்.

கட்டுரையின் மையமாக இதை வையுங்கள் என்பது என் கருத்து: நகைச்சுவையாளருக்கு எழுதுவதிலிருந்து நடிகருக்கு எழுதுவதற்கு அவர்கள் மாறினார்கள். நகைச்சுவையாளர் தன் பிம்பத்துக்கு எது பொருந்தும் என்று பார்ப்பார், பக்கத்து ஆளின் வரி அதிகச் சிரிப்பு வாங்கினால் சங்கடப்படுவார். நடிகர் அந்தக் காட்சிக்கு எது தேவை என்று பார்ப்பார்.

---

கல்யாணிராகம்

பணம், உரிமை பற்றி யாரும் தொடவில்லை. அது இல்லாமல் இந்தக் கதை பாதிதான்.

1950-களில் பிபிசி ஸ்கிரிப்டுக்கு இவ்வளவு என்று கட்டணம் கொடுத்தது. கால்டனும் சிம்ப்சனும் பிபிசியின் ஊழியர்கள் அல்ல, சுயமாக எழுதியவர்கள். இந்த வேறுபாடுதான் எல்லாவற்றுக்கும் திறவுகோல். ஊழியர் உருவாக்கியது நிறுவனத்தின் சொத்து. சுயமாக எழுதுபவர் தன் ஒப்பந்தத்தில் எதை விற்கிறார், எதை வைத்துக்கொள்கிறார் என்று பேசலாம். ஆனால் பேச ஆள் வேண்டும். எழுதுகிறவர்களே பேசினால் மரியாதைக்காக ஒப்புக்கொண்டு வந்துவிடுவார்கள்.

1954-ல் ஸ்பைக் மில்லிகன், எரிக் சைக்ஸ், கால்டன், சிம்ப்சன் நால்வரும் சேர்ந்து ‘அசோசியேட்டட் லண்டன் ஸ்கிரிப்ட்ஸ்’ நிறுவனத்தைத் தொடங்கினார்கள். எழுத்தாளர்களே நடத்திய ஏஜென்சி. முதல் அலுவலகம் ஷெப்பர்ட்ஸ் புஷ் பகுதியில் ஒரு காய்கறிக் கடைக்கு மேலே. செயலாளராக வந்தவர் பெரில் வெர்ட்யூ. சிம்ப்சனோடு ஒரே பள்ளியில் படித்தவர். டைப் அடிக்க வந்தவர் கொஞ்ச நாளில் பிபிசியோடு கட்டணம் பேசத் தொடங்கினார், பிறகு முழுநேர ஏஜென்ட் ஆனார். ஜானி ஸ்பைட், டெர்ரி நேஷன், ஜான் ஆன்ட்ரோபஸ் என்று பலர் அங்கே சேர்ந்தார்கள். பின்னாளில் அலுவலகம் பேஸ்வாட்டரில் 9 ஓர்ம் கோர்ட்டுக்கு மாறியது.

காலமும் கைகொடுத்தது. 1955 செப்டம்பர் 22-ல் ஐடிவி என்ற தனியார் டிவி தொடங்கியது. அதுவரை பிரிட்டனில் டிவி எழுத்தை வாங்க ஒரே நிறுவனம்தான் இருந்தது. இரண்டாவது கடை திறந்ததும் எழுத்தாளரின் பேரம் பேசும் பலம் கூடியது. அந்த நேரத்தில் தங்களுக்கென ஏஜென்சி வைத்திருந்தவர்கள் முந்திக்கொண்டார்கள்.

உரிமை என்றால் என்ன என்பதற்கு நேரடிச் சான்று ‘டாக்டர் ஹூ’ என்ற அறிவியல் புனைகதை டிவி தொடரில் வில்லன்களாக வரும் டாலெக்குகள். எழுதியவர் டெர்ரி நேஷன், சுயமாக எழுதுபவர், வெர்ட்யூ அவருடைய ஏஜென்ட். அதனால் டாலெக்குகளை வைத்து விற்ற பொம்மை முதலானவற்றின் வருமானத்தில் அவருக்குப் பங்கு கிடைத்தது. அந்த உருவத்தை வடிவமைத்த ரேமண்ட் கியூசிக் பிபிசி ஊழியர். அவருக்குக் கிடைத்தது சிறு அன்பளிப்புத் தொகை மட்டுமே. ஒரே உயிரினம், இரண்டு விதமான பணி நிலை, இரண்டு விதமான விளைவு.

கால்டன், சிம்ப்சன் விஷயத்தில் இது ‘ஃபார்மேட்’ விற்பனையாக வந்தது. எபிசோடின் நகலை விற்காமல் கருவையும் பாத்திரங்களையும் ஸ்கிரிப்டையும் இன்னொரு நாட்டுக்கு உரிமம் கொடுப்பது. ‘ஸ்டெப்டோ’ நெதர்லாந்தில் வேறு நடிகர்களோடு வந்தது, ஸ்வீடனில் ‘ஆல்பர்ட் ஒக் ஹெர்பர்ட்’ ஆனது. அமெரிக்காவில் 1965-ல் ஒரு சோதனை எபிசோடு எடுத்துப் பார்த்தார்கள், எடுபடவில்லை. பிறகு நார்மன் லியர், பட் யார்கின் கூட்டணி லாஸ் ஏஞ்சலஸின் வாட்ஸ் பகுதியில் வாழும் கறுப்பினக் குடும்பமாக மாற்றி ‘சான்ஃபோர்ட் அண்ட் சன்’ எடுத்தது. 1972 முதல் 1977 வரை ஓடியது. ஜானி ஸ்பைட்டின் ‘டில் டெத் அஸ் டூ பார்ட்’ அதே வழியில் 1971-ல் ‘ஆல் இன் த ஃபேமிலி’ ஆனது.

இதிலிருந்து உங்கள் கேள்விக்கு: ஹான்காக் தொடரில் நட்சத்திரத்தின் பெயரே தலைப்பு. அவர் இல்லாமல் அதை யாருக்கும் விற்க முடியாது. ‘ஸ்டெப்டோ’வில் தலைப்பு கற்பனைப் பாத்திரத்தின் பெயர். நடிகர் மாறினாலும் நாடு மாறினாலும் சொத்து எழுத்தாளருடையது. தொழில் கண்ணோட்டத்தில் 1962-ன் பெரிய மாற்றம் இதுதான் என்று நான் உறுதியாகச் சொல்வேன். வெர்ட்யூவின் பெயர் இல்லாமல் உங்கள் கட்டுரை வெளிவரக் கூடாது.

---

இரவல்பேனா

மூவருக்கும் மிக்க நன்றி. நுகக்கால் காட்சியையும் டாலெக் ஒப்பீட்டையும் நிச்சயம் சேர்க்கிறேன். இரண்டு சந்தேகம் மிச்சம். நேரலை டிவிக்கு எழுதும்போது ஸ்கிரிப்டில் என்ன மாற்றினார்கள்? பிபிசியின் தணிக்கை விதிகள் இவர்களைத் தடுத்தனவா? கேட்கும் வரிசையையும் யாராவது கொடுத்தால் நன்றாக இருக்கும்.

---

திரைக்குப்பின்

நேரலைக் கேள்விக்கு முதலில். டிவியில் ‘ஹான்காக்ஸ் ஹாஃப் அவர்’ 1956 ஜூலையில் தொடங்கியது. தயாரிப்பாளர் டங்கன் வுட். பிறகு ‘ஸ்டெப்டோ’வையும் அவர்தான் இயக்கினார். ஹான்காக் போனாலும் இயக்குநர் கூடவே இருந்தார் என்பதையும் உங்கள் காரணப் பட்டியலில் சேருங்கள்.

ரேடியோவில் ஹான்காக் ஒரு வரியில் வீட்டிலிருந்து நீதிமன்றத்துக்குப் போய்விடலாம். கதவு சாத்தும் சத்தம் போதும். நேரலை டிவியில் அதே மாற்றத்துக்கு நடிகர் ஒரு செட்டிலிருந்து இன்னொன்றுக்கு நடந்து போக வேண்டும், சட்டை மாற்ற வேண்டும், கேமராக்கள் உருண்டு இடம் மாற வேண்டும். அந்த அவகாசத்துக்கு வேறு யாராவது பேசிக்கொண்டிருக்க வேண்டும், இல்லாவிட்டால் முன்பே படமெடுத்த ஃபிலிம் துண்டு ஓட வேண்டும். அதனால் நேரலைக் கால ஸ்கிரிப்டுகளில் சில துணைப் பாத்திரங்களின் பேச்சு தேவைக்கு மேல் நீள்வதுபோல் தோன்றினால் அதை எழுத்தின் பலவீனம் என்று எழுதிவிடாதீர்கள். அந்த ஒரு நிமிடத்தில் ஹான்காக் கோட்டு மாட்டிக்கொண்டிருந்திருப்பார். முக்கிய நடிகரின் முகத்தை மிக நெருக்கத்தில் காட்டுவதும் கஷ்டம்.

1959-ல் வீடியோ டேப்பில் முன்கூட்டியே பதிவு செய்யத் தொடங்கியதும் நிலைமை மாறியது. அன்றைய டேப் இரண்டு அங்குல அகலம். வெட்டி ஒட்டுவது கைவேலை: இரும்புத் துகள் கலந்த திரவத்தைத் தடவிப் பதிவின் தடங்களைக் கண்ணுக்குத் தெரியவைத்து, நுண்ணோக்கியில் பார்த்து, பிளேடால் வெட்டி, ஒட்டுவார்கள். இடம் தவறி வெட்டினால் படம் உருளும். வெட்டிய டேப்பை மறுபடி பதிவுக்குப் பயன்படுத்துவது சிரமம், டேப்போ விலை அதிகம். அதனால் வெட்டுகளின் எண்ணிக்கையை இறுக்கிப் பிடித்தார்கள். அப்படியிருந்தும் டங்கன் வுட் இந்த வசதியை வைத்து ஹான்காக்கின் முகபாவத்துக்குக் காத்திருக்கும் நெருக்கக் காட்சிகளைப் பிடித்தார். எழுத்தாளர்களும் வசனத்தைக் குறைத்து முகத்துக்கு இடம் விட்டார்கள். ‘தி பெட்சிட்டர்’ சாத்தியமானது இந்த வரிசையில்தான்.

‘தி பிளட் டோனர்’ (1961 ஜூன் 23) பார்க்கும்போது ஹான்காக்கின் கண்களைக் கவனியுங்கள். எதிரில் இருப்பவரைத் தாண்டி வேறெங்கோ பார்க்கும். சில நாள் முன்பு கார் விபத்தில் தலையில் அடிபட்டதால் வசனம் மனப்பாடம் செய்ய முடியாமல் டெலிபிராம்ப்டரைப் பார்த்துப் படித்தார். அந்த எபிசோடு மிகப் பிரபலமாகிவிட்டதால் அவருடைய உச்சம் என்கிறார்கள். எழுத்தைப் பொறுத்தவரை உச்சம்தான். நடிப்பை அளக்க வேண்டுமானால் அதற்கு முந்தைய வாரங்களில் வந்தவற்றைப் பாருங்கள்.

தணிக்கை: 1940-களின் இறுதியில் பிபிசி வெரைட்டி பிரிவு எழுத்தாளர்களுக்கும் தயாரிப்பாளர்களுக்கும் ஒரு கையேடு வைத்திருந்தது, ‘கிரீன் புக்’ என்பார்கள். கழிப்பறை, ஆண்களின் பெண்மைச் சாயல், தேனிலவுத் தம்பதி, ஹோட்டல் அறைப் பணிப்பெண்கள், பெண்களின் உள்ளாடை, முயல்களின் இனப்பெருக்கம், ஊர் சுற்றும் விற்பனையாளர்கள் இவையெல்லாம் ஜோக்குக்கு ஆகாது. ஒற்றை வரி ஜோக்கை நம்பிய எழுத்தாளருக்கு இது பெரிய அடி. அவர்களுடைய கையிருப்பில் பெரும்பகுதி இந்தப் பட்டியலில்தான் இருந்தது. குணத்தை வைத்து எழுதியவர்களுக்கு அவ்வளவு பாதிப்பில்லை. ஹான்காக்கின் வீண் பெருமை, வர்க்க ஏக்கம், சலிப்பு எதையும் அந்தக் கையேடு தடுக்கவில்லை. 1960-களில் கட்டு தளர்ந்ததும் ‘ஸ்டெப்டோ’வின் அழுக்கும் வசவும் டிவிக்குள் வர முடிந்தது.

கேட்கும் வரிசை. ‘டேக் இட் ஃப்ரம் ஹியர்’ ஒன்றிரண்டு முதலில். பாட்டால் துண்டாக்கப்பட்ட பழைய அமைப்பு காதில் பதியட்டும். அதிலேயே 1953-ல் வந்து சேர்ந்த ‘தி க்ளம்ஸ்’ குடும்பப் பகுதி கிடைத்தால் இன்னும் நல்லது. பிறகு 1954–55 ஹான்காக் ரேடியோவில் ஒன்று. அதன்பின் ‘சண்டே ஆஃப்டர்நூன் அட் ஹோம்’. டிவிக்கு வந்து ‘தி பெட்சிட்டர்’, ‘தி ரேடியோ ஹாம்’. கடைசியில் ‘தி ஆஃபர்’. ஒவ்வொன்றையும் இரண்டு முறை. முதல் முறை சும்மா கேளுங்கள். இரண்டாம் முறை தாளும் நிறுத்துக் கடிகாரமும் வைத்துக்கொண்டு, அரங்கம் சிரிக்கும் ஒவ்வோர் இடத்திலும் மூன்றில் ஒரு குறி போடுங்கள்: தனியாக எடுத்து வேறொருவர் வாயில் வைத்தாலும் சிரிப்பு வருமா, இந்த ஆள் சொல்வதால் மட்டும் வருகிறதா, வசனமே இல்லாமல் வருகிறதா. 1954-ல் முதல் குறி நிறைந்திருக்கும். 1962-ல் மற்ற இரண்டும்தான். ‘தி ஆஃபர்’ முடிவில் அரங்கம் எந்த இடத்தில் சிரிப்பை நிறுத்துகிறது என்பதையும் நேரத்தோடு குறித்துக்கொள்ளுங்கள்.

இதில் கால் இடறும் இடங்கள் உண்டு. வெளிநாட்டு வானொலிகளுக்காக பிபிசி டிரான்ஸ்கிரிப்ஷன் சர்வீஸ் தயாரித்த பிரதிகளில் அன்றைய நடப்புச் செய்திகளைத் தொட்ட வரிகள் நறுக்கப்பட்டன. உங்கள் கையில் உள்ள பதிவு முப்பது நிமிடத்துக்குக் கணிசமாகக் குறைந்தால் அந்தப் பிரதியாக இருக்கலாம். கதையில் திடீரென்று ஒரு தாவல் இருந்தால் எழுத்தாளர் மீது பழி போடாதீர்கள். இன்னொன்று, பல ரேடியோ எபிசோடுகளின் தலைப்பு ஒலிபரப்பில் அறிவிக்கப்பட்டதில்லை, பிறகு வந்து ஒட்டிக்கொண்டவை. பட்டியலுக்குப் பட்டியல் பெயர் மாறும். எப்போதும் ஒலிபரப்பான தேதியை வைத்தே அடையாளம் காட்டுங்கள்.

---

வால்வுரேடியோ

திரைக்குப்பின் சொன்னதோடு ஒன்று சேர்க்கிறேன். 1955-ல் இரண்டாவது ரேடியோ வரிசை தொடங்கும் நேரத்தில் ஹான்காக் சொல்லாமல் கொள்ளாமல் வெளிநாடு போய்விட்டார். முதல் மூன்று எபிசோடுகளில் அவருக்குப் பதிலாக நகைச்சுவையாளர் ஹாரி சீகோம்பை நடிக்க வைத்தார்கள். ஹான்காக் திரும்பி வந்ததும் நான்காவது எபிசோடில் சீகோம்புக்கு நன்றி சொல்ல ஸ்வான்ஸீ போவதாகவே கதை எழுதிவிட்டார்கள். நட்சத்திரம் இல்லாமல் போனால் என்ன செய்வது என்ற பயிற்சி இவர்களுக்கு 1961-க்கு ஆறு வருடம் முன்பே கிடைத்துவிட்டது. கட்டுரையில் இதற்கு ஒரு பத்தி கொடுங்கள்.

எழுதும் முறையும் விடுபட்டுப்போனது. இருவரும் ஒரே அறையில் உட்கார்ந்து எழுதினார்கள். டைப்ரைட்டர் சிம்ப்சனிடம். ஒரு வரியை இருவரும் ஒப்புக்கொண்ட பிறகுதான் அடிப்பார்கள். யாருக்காவது பிடிக்கவில்லையென்றால் வாதம் செய்யாமல் அடுத்த யோசனைக்குப் போவார்கள். அதனால்தான் எந்த வரி யாருடையது என்று பிரித்துப் பார்க்க முடிவதில்லை. ‘கால்டன் கதை, சிம்ப்சன் ஜோக்’ என்பதுபோல் பங்கு பிரித்து எழுதும் கட்டுரைகளை நம்பாதீர்கள்.

---

மூன்றாம்வரிசை

‘ஸ்டெப்டோ’வைத் தொடராக்க அவர்கள் முதலில் விரும்பவில்லை என்பதையும் குறிப்பிடுங்கள். ஹான்காக்கோடு வருடக்கணக்கில் கட்டுண்டு கிடந்துவிட்டு, வாரம் ஒரு புதுக் கதை என்ற சுதந்திரம் அப்போதுதான் கிடைத்திருந்தது. டாம் ஸ்லோன்தான் விடாமல் கேட்டார். நடிகர்கள் சம்மதித்தால் பார்க்கலாம் என்றார்கள்; நடிகர்கள் சம்மதித்துவிட்டார்கள். 1962 ஜூனில் தொடர் ஆரம்பமானது, 1974 வரை இடைவெளி விட்டு விட்டு வந்தது. 1978-ல் சிம்ப்சன் எழுத்திலிருந்து ஓய்வு பெற்றார்; கால்டன் அதன்பின் ஜானி ஸ்பைட்டோடும் எழுதினார். 2016-ல் இருவருக்கும் பிரிட்டனின் திரைப்பட, டிவி விருது அமைப்பான பாஃப்டாவின் ஃபெலோஷிப். சிம்ப்சன் 2017-லும் கால்டன் 2018-லும் காலமானார்கள்.

---

கல்யாணிராகம்

மூல ஆவணம் வேண்டுமென்றால்: பிபிசியின் எழுத்து ஆவணக் காப்பகம் ரெடிங் நகரை ஒட்டிய கேவர்ஷாமில் இருக்கிறது. முன் அனுமதி பெற்றுத்தான் போக முடியும். என்ன ஆய்வு, எந்தக் கோப்பு என்று தெளிவாக எழுதிக் கேட்க வேண்டும். ‘நகைச்சுவை தொடர்பாக எல்லாம்’ என்று கேட்டால் ஒன்றும் கிடைக்காது. நிகழ்ச்சியின் பெயர், ஒலிபரப்பான தேதி, தயாரிப்பாளர் பெயர் மூன்றையும் கொடுங்கள். கால்டன், சிம்ப்சன் இருவரின் சொந்த ஆவணங்கள் யார்க் பல்கலைக்கழகத்தின் போர்த்விக் நிறுவனத்தில் உள்ளன.

ஒலிப்பதிவு அழிந்துபோன பல ஹான்காக் ரேடியோ எபிசோடுகளின் டைப் செய்த ஸ்கிரிப்ட் தப்பித்தது. அதை வைத்து 2014 முதல் பிபிசி ரேடியோ 4, கெவின் மெக்நாலியை ஹான்காக்காக நடிக்க வைத்து ‘தி மிஸ்ஸிங் ஹான்காக்ஸ்’ என்று புதிதாகப் பதிவு செய்தது. உங்கள் மையக் கேள்விக்கு அதையும் கேளுங்கள்: அதே வரிகள், வேறு நடிகர், வேறு நூற்றாண்டின் அரங்கம். எங்கே சிரிப்பு இன்னும் வருகிறது, எங்கே வராமல் போகிறது என்று திரைக்குப்பின் சொன்ன மூன்று குறிகளை அங்கேயும் போட்டு ஒப்பிட்டால், எழுத்து எவ்வளவு, ஹான்காக் எவ்வளவு என்று கிட்டத்தட்டப் பிரித்துவிடலாம். ‘ஸ்டெப்டோ’வுக்கு அந்தச் சிக்கல் இல்லை, 57 எபிசோடுகளும் இருக்கின்றன. 1970-களின் ஆரம்பத்தில் வந்த சில வண்ண எபிசோடுகள் மட்டும் கறுப்பு வெள்ளைப் பிரதியாகக் கிடைக்கின்றன. படத்தின் தரத்தைப் பார்த்து 1960-களைச் சேர்ந்தவை என்று தேதி போட்டுவிடாதீர்கள்.